பிடித்து நிற்கிறான், கையை விட மறுக்கிறான்

கேள்வி: என் மகனுக்கு 13 மாதம் முடிந்துவிட்டது. எட்டாவது மாதத்தில் உட்கார்ந்தான். முட்டி போட்டுத் தவழவே இல்லை. உட்கார்ந்தபடியே தரையில் தேய்த்துத் தேய்த்து நகர்வான். இப்போது கட்டிலைப் பிடித்து எழுந்து நிற்கிறான். அதன் ஓரமாகவே பக்கவாட்டில் நடக்கிறான். நாங்கள் கையை விலக்கினால் உடனே உட்கார்ந்துவிடுகிறான். என் நாத்தனார் மகள் பத்தாவது மாதத்திலேயே நடந்தாள். பெண் பிள்ளை சீக்கிரம் நடக்கும், ஆண் பிள்ளை தாமதம்தான் என்று சிலர் சொல்கிறார்கள். மாமியார் வட்டமான வாக்கர் ஒன்று வாங்கி வந்தார். காலையில் ஒரு மணி நேரம், மாலையில் ஒரு மணி நேரம் அதில் விடுகிறோம். அதில் மட்டும் வீடு முழுக்க ஓடுகிறான். சில நேரம் நுனிக்காலில் நிற்கிறான். ஆற்று மணலில் குழி பறித்து இடுப்பளவு நிறுத்தி வைத்தால் கால் பலப்படும் என்கிறார் என் கணவரின் பாட்டி. மகன் 35ஆவது வாரத்தில் பிறந்தவன். நான் எதில் தவறு செய்தேன்?
(ஒரு தாய், ஈரோடு மாவட்டம்)

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடைசி வரிக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். நீங்கள் எந்தத் தவறும் செய்யவில்லை. நேரில் பார்க்காமல் ஒரு குழந்தையைப் பற்றி முடிவாக எதையும் சொல்ல முடியாது. ஆனாலும் நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால், உங்கள் மகன் நடையை நோக்கி வரவேண்டிய வழியில்தான் வந்துகொண்டிருக்கிறான். குழந்தைகளுக்கான இயன்முறை மருத்துவர் என்ற முறையில் எனக்கு, அவன் இன்னும் நடக்கவில்லை என்பதைவிட, நீங்கள் போகிற போக்கில் எழுதிவிட்ட மூன்று செய்திகளே முக்கியமாகப் படுகின்றன: அவன் 35ஆவது வாரத்தில் பிறந்தது, தவழாமல் தேய்த்து நகர்ந்தது, வாக்கரில் நுனிக்காலில் நிற்பது.

வயதுக் கணக்கிலிருந்து தொடங்குவோம். நிறைமாதம் என்பது 40 வாரம். உங்கள் மகன் ஐந்து வாரம் முன்னதாகவே வந்துவிட்டான். குறைமாதத்தில் பிறந்த குழந்தையின் வளர்ச்சியை மதிப்பிடும்போது, ஏறத்தாழ இரண்டு வயது வரை, முன்னதாகப் பிறந்த வாரங்களைக் கழித்துவிட்டே பார்க்கவேண்டும். மூளையும் நரம்பும் முதிர்வது கருவான நாளிலிருந்து நடக்கும் வேலை. பிறந்த நாள் கேக்கின் மெழுகுவத்தியை அவை எண்ணுவதில்லை. அப்படிக் கழித்தால் உங்கள் மகன் இப்போதுதான் 12 மாதத்தைத் தொட்டிருக்கிறான். நாத்தனார் மகளோடு அவனை ஒப்பிடும்போது, இந்த ஐந்து வாரக் கடன் உங்கள் வீட்டில் யாருக்கும் நினைவில் இருந்திருக்காது என்று நினைக்கிறேன்.

அடுத்து, நடக்கும் வயது. உலக சுகாதார நிறுவனம் கானா, இந்தியா, நார்வே, ஓமன், அமெரிக்கா ஆகிய ஐந்து நாடுகளில் 816 குழந்தைகளைத் தொடர்ந்து கவனித்து, 2006இல் ஓர் அளவுகோலை வெளியிட்டது. இந்தியாவிலிருந்து தெற்கு தில்லிக் குழந்தைகள் அதில் இருந்தார்கள். நல்ல உடல்நலமும் ஊட்டமும் உள்ள அந்தக் குழந்தைகள் பிடிமானமின்றி நிற்கத் தொடங்கிய வயது 6.9 மாதம் முதல் 16.9 மாதம் வரை விரிந்து கிடந்தது. தனியாக நடந்த வயது 8.2 மாதம் முதல் 17.6 மாதம் வரை. இரண்டு முனைகளுக்கும் இடையில் ஒன்பது மாதத்துக்கு மேல் இடைவெளி இருக்கிறது, இரண்டு முனைகளில் நிற்பவர்களும் நலமான குழந்தைகளே. பத்தாவது மாதத்தில் நடந்த பெண்ணும், பன்னிரண்டாவது மாதத்தில் கட்டிலைப் பிடித்துக்கொண்டு நிற்கும் உங்கள் மகனும் ஒரே எல்லைக்குள்தான் இருக்கிறார்கள். ஆண், பெண் வேறுபாட்டையும் அந்த ஆய்வில் பார்த்தார்கள். இருபாலருக்கும் தனித்தனி அளவுகோல் வைக்கும் அளவுக்கு எந்த வேறுபாடும் தென்படவில்லை. ஆகவே அந்தப் பேச்சை விட்டுவிடலாம்.

நிற்பது என்ற வேலையில் குழந்தை எதையெல்லாம் சமாளிக்கிறது என்பதைச் சற்று விரிவாகச் சொல்கிறேன். இது தெரிந்துவிட்டால், பிறகு நான் சொல்லப்போகும் ஆலோசனைகளுக்குக் காரணம் தனியாகத் தேவைப்படாது.

பிறந்த குழந்தையை அக்குளில் பிடித்துத் தூக்கி, பாதம் மேசையில் படும்படி லேசாக முன்சாய்த்தால், அது மாறிமாறிக் கால் எடுத்து வைக்கும். குழந்தை மருத்துவர் சோதித்துப் பார்க்கும் அனிச்சைச் செயல்களில் இதுவும் ஒன்று. இரண்டு மாதம் ஆகும்போது இது மறைந்துவிடும். மூளை முதிர்ந்து அந்த அனிச்சையை அடக்கிவிடுகிறது என்றே நெடுங்காலம் நம்பினார்கள். அமெரிக்காவின் எஸ்தர் தெலன் என்ற உளவியலாளர் இதை வேறு விதமாகப் பார்த்தார். முதல் மாதங்களில் குழந்தையின் காலில் கொழுப்பு வேகமாகச் சேர்கிறது. தசை வலிமை அதே வேகத்தில் வளர்வதில்லை. அப்படியானால் அனிச்சை மறைந்ததற்குக் கால் கனத்துப்போனதே காரணமாக இருக்கலாம் அல்லவா? அவரும் அவருடைய குழுவினரும் 1984இல் வெளியிட்ட ஆய்வில், கால்களைத் தொட்டி நீரில் இறக்கிப் பிடித்தபோது குழந்தைகள் கூடுதலாகக் கால் எடுத்து வைத்தன. காலில் சிறு எடையைக் கட்டியபோது அது குறைந்தது. கால்களை மாற்றி மாற்றி வைக்கும் தாளம் முதுகுத்தண்டிலேயே பிறவியிலிருந்து இருக்கிறது. யாரும் அதைக் கற்றுத்தரவேண்டியதில்லை. குழந்தை சம்பாதிக்கவேண்டியவை இரண்டே: ஒரு காலால் உடலைத் தாங்கும் வலிமை, தாங்கும்போது சாயாமல் இருக்கும் சமநிலை.

இரண்டாவது அதிகக் கடினம். பிறந்த குழந்தையின் உயரத்தில் கால் பங்கு தலைதான். ஒரு வயதிலும் பெரியவர்களோடு ஒப்பிட்டால் தலை பெரிது, கால் குட்டை, பாதம் உள்ளங்கை அகலம். உச்சியில் கனம், அடியில் சிறிய பரப்பு. இப்படிப்பட்ட உடல் சாயும் முன்பே சாயப்போவதை உணர்ந்து திருத்தவேண்டும். அதற்கான செய்தி மூன்று வழிகளில் வருகிறது: கண், உள்காதில் உள்ள சமநிலை உறுப்பு, பாதத்திலும் கணுக்காலிலும் உள்ள தொடு உணர்வும் தசை உணர்வும். இவை மூன்றையும் சிறுமூளை ஒன்றுசேர்த்து, எந்தத் தசையை எவ்வளவு இறுக்குவது என்று நொடிக்கு நொடி கணக்கிடுகிறது. மூளையிலிருந்து காலுக்கு வரும் நரம்பிழைகளுக்கு மயலின் என்ற கொழுப்புறை ஏறி, கட்டளை வேகமாகப் பாயத் தொடங்குவதும் இதே காலத்தில்தான். புதிதாக நிற்கும் குழந்தை கண்ணை எவ்வளவு நம்புகிறது என்பதற்கு 1974இல் பிரிட்டனில் நடந்த ஒரு சோதனை நல்ல சான்று. தரை அசையாமல் சுவர்கள் மட்டும் நகரும் ஓர் அறையில் குழந்தைகளை நிற்க வைத்து, சுவரை மெல்ல நகர்த்தினார்கள். தரை நிலையாகவே இருந்தும், குழந்தைகள் சாய்ந்தார்கள், தள்ளாடினார்கள், பலர் விழுந்தே விட்டார்கள். தாமே சாய்வதாக அவர்களுடைய கண் சொன்னதை உடல் அப்படியே நம்பியது.

இன்று மாலை, அவன் கட்டிலைப் பிடித்து நிற்கும்போது ஐந்து நிமிடம் அருகில் உட்கார்ந்து கைகளையும் கணுக்கால்களையும் மட்டும் பாருங்கள். நிற்கத் தொடங்கிய வாரத்தில் அவன் நெஞ்சும் வயிறும் கட்டிலில் சாய்ந்து, எடையில் பாதியை அங்கே போட்டிருப்பான். பிறகு முன்கையை ஊன்றியிருப்பான், பிறகு உள்ளங்கையை, இப்போது ஒருவேளை விரல்களை மட்டும் வைத்திருக்கலாம். அந்த விரல்கள் எடையைத் தாங்குவதற்கு அங்கே இல்லை. உடல் எந்தப் பக்கம் சாய்கிறது என்பதைத் தெரிந்துகொள்ளவே அவை கட்டிலைத் தொட்டுக்கொண்டிருக்கின்றன. இருட்டில் நாம் சுவரைத் தடவிக்கொண்டு நடப்பதைப் போல. அதே நேரத்தில் கணுக்கால் இப்படியும் அப்படியும் ஓயாமல் சிறிதாக ஆடிக்கொண்டிருக்கும். பலவீனத்தால் வரும் நடுக்கம் என்று பலர் பயந்து குழந்தையைத் தூக்கிவிடுகிறார்கள். சாய்வதும் திருத்துவதுமாக அங்கே நடந்துகொண்டிருப்பது அவனுடைய பயிற்சி. ஒரு கையில் பொம்மையை எடுக்க அவன் இடுப்பைத் திருப்பும் கணத்தையும், இரண்டு கைகளாலும் பொம்மையைப் பிடித்துவிட்டு, கட்டிலை விட்டுவிட்டோம் என்பதையே மறந்து இரண்டு நொடி நிற்கும் கணத்தையும் தவறவிடாதீர்கள். தனியாக நிற்பது பெரும்பாலும் இப்படி மறதியில்தான் தொடங்குகிறது. “நிக்கிறான், நிக்கிறான்” என்று வீட்டில் எல்லோரும் கைதட்டினால், நினைவு வந்து உட்கார்ந்துவிடுவான்.

நீங்கள் கையை விலக்கினால் உட்கார்ந்துவிடுகிறான் என்று குறையாக எழுதியிருக்கிறீர்கள். எப்படி உட்கார்கிறான் என்பதைக் கவனியுங்கள். முழங்காலை மடக்கி, இடுப்பைத் தாழ்த்தி, தொப்பென்று விழாமல் இறங்குகிறான் என்றால், தொடைத்தசை நீண்டபடியே எடையைத் தாங்கக் கற்றுவிட்டது என்று பொருள். இது எழுந்து நிற்பதைவிடக் கடினமான வேலை. எழக் கற்று, உட்காரக் கற்காத குழந்தைகள் கட்டிலைப் பிடித்தபடி அழுதுகொண்டே நிற்பதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

இனி தவழாமல் இருந்தது. உலக சுகாதார நிறுவனம் கவனித்த அதே குழந்தைகளில் 4.3 சதவீதத்தினர் கையும் முட்டியும் ஊன்றித் தவழவே இல்லை. நம் பிள்ளைத்தமிழ்ப் புலவர்கள், ஒரு காலை மடக்கி ஒரு காலை நீட்டி, இரு கைகளையும் நிலத்தில் ஊன்றித் தலை நிமிர்த்தி ஆடுவதைச் செங்கீரைப் பருவம் என்று தனியாக வகுத்து, ஐந்தாம் மாதத்துக்கு உரியதாக வைத்தார்கள். ஓராண்டை ஒட்டி வரும் தளர்நடையை வருகைப் பருவத்தில் பாடினார்கள். அந்த வரிசை பெரும்பாலான குழந்தைகளுக்குப் பொருந்துவது என்பதில் ஐயமில்லை. ஆனால் எல்லாக் குழந்தைகளும் அதன்படி வருவதில்லை. உட்கார்ந்து தேய்த்து நகரும் குழந்தைகளில் பலருக்குக் குப்புறப் படுப்பதே பிடிக்காது. தூக்கி நிறுத்தப் போனால் காலை ஊன்றாமல் முன்னால் நீட்டிக்கொள்வார்கள். சில குடும்பங்களில் இது பரம்பரையாக வரும். உங்கள் கணவரோ அவருடைய உடன்பிறந்தவர்களோ சிறு வயதில் இப்படித்தான் நகர்ந்தார்களா என்று பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள். மணல் குழியைவிட இந்தத் தகவல் எனக்குப் பயன்படும். இவ்வகைக் குழந்தைகள் மற்றவர்களைவிட நடக்க இரண்டு மூன்று மாதம் பிந்துவது வழக்கம். கவனிக்கவேண்டியது ஒன்றே: நகரும்போது இரண்டு கைகளையும் இரண்டு கால்களையும் ஒரே மாதிரி பயன்படுத்துகிறானா, எப்போதும் ஒரே பக்கத்தை இழுத்துக்கொண்டு போகிறானா என்பது.

வாக்கரைப் பற்றிச் சுற்றி வளைக்காமல் சொல்கிறேன்: எடுத்து வைத்துவிடுங்கள். உங்கள் மாமியார் ஆசையாக வாங்கி வந்தது என்பது எனக்குப் புரிகிறது; ஆகவே காரணத்தை அவரிடம் நீங்கள் எடுத்துச் சொல்ல உதவியாக விளக்குகிறேன். வட்ட வாக்கரில் குழந்தையின் எடையைத் துணி இருக்கை தாங்குகிறது; சாய்ந்தால் சட்டம் தாங்குகிறது. குழந்தை சம்பாதிக்கவேண்டியவை என்று மேலே சொன்ன இரண்டையும் வாக்கரே செய்துவிடுகிறது. பிறவியிலேயே இருக்கும் கால்தாளத்தை மட்டும் வைத்து, விரல் நுனியால் தரையை உந்தி, குழந்தை ஓடுகிறது. அகன்ற தட்டு மறைப்பதால் தன் பாதம் எங்கே இருக்கிறது என்பதைக்கூட அது பார்க்க முடிவதில்லை. அயர்லாந்தில் 190 குழந்தைகளைப் பற்றிப் பெற்றோரிடம் விசாரித்து 2002இல் வெளியான ஓர் ஆய்வில், வாக்கரில் கழித்த மொத்த நேரம் 24 மணி ஆகும் ஒவ்வொரு முறைக்கும், தனியாக நடப்பது 3.3 நாளும் தனியாக நிற்பது 3.7 நாளும் பிந்தியிருந்தன. நாளுக்கு இரண்டு மணி நேரம் என்ற உங்கள் கணக்குக்கு மாதம் எட்டு நாள் வருகிறது. இந்த எண்ணை எழுத்துக்கு எழுத்து அப்படியே எடுத்துக்கொள்ளவேண்டாம். பெற்றோர் சொன்னதை வைத்துச் செய்த ஆய்வு அது, தாமதமாக நடக்கும் குழந்தைக்குத்தான் அதிக நேரம் வாக்கர் தரப்பட்டிருக்கவும் கூடும். ஆனாலும் வாக்கரால் நடை முந்தியது என்று காட்டும் சான்று எதையும் நான் பார்த்ததில்லை.

தாமதத்தைவிட எனக்குப் பெரிய கவலை விபத்து. வாக்கரில் இருக்கும் குழந்தை நாம் எழுந்து ஓடுவதற்குள் அறையைக் கடந்துவிடும். அமெரிக்காவில் 1990 முதல் 2014 வரை, 15 மாதத்துக்குட்பட்ட 2,30,000க்கும் அதிகமான குழந்தைகள் வாக்கர் விபத்துகளால் அவசரச் சிகிச்சைக்குக் கொண்டுவரப்பட்டார்கள். பெரும்பாலோர் படிக்கட்டில் உருண்டவர்கள், பெரும்பாலும் அடிபட்டது தலையிலும் கழுத்திலும். கனடா 2004இல் இதன் விற்பனையையும் இறக்குமதியையும் விளம்பரத்தையும் ஒருசேரத் தடை செய்தது. நம் வீடுகளில் வாசல்படி, தரையோடு இருக்கும் அடுப்பு, வெந்நீர் அண்டா, தொங்கும் இஸ்திரிப் பெட்டி ஒயர் ஆகியவற்றையும் சேர்த்துக் கணக்கிட்டுக்கொள்ளுங்கள்.

மூன்று சக்கரமுள்ள நம் மர நடைவண்டி இந்தக் கணக்கில் வராது. அதில் குழந்தை உட்கார்வதில்லை. தானே எழுந்து, தன் எடையைத் தானே தாங்கி, கைப்பிடியைப் பிடித்துத் தள்ளுகிறது. சமநிலை முழுவதும் குழந்தையின் பொறுப்பு. பிடித்து எழவும், உட்காரவும், பக்கவாட்டில் நகரவும் தெரிந்த உங்கள் மகனுக்கு அது ஏற்றதே. புதிதில் வண்டி முந்திக்கொண்டு ஓடி அவனைக் குப்புறத் தள்ளும். அதைத் தடுக்க, அடிச்சட்டத்தில் இரண்டு கிலோ அரிசிப் பையைக் கட்டிவிடுங்கள். மொசைக் தரையைவிடச் சிமெண்டுத் தரையிலோ விரித்த பாயிலோ விட்டால் இன்னும் நல்லது. அப்போதும் ஒருவர் அருகில் இருக்கவேண்டும்.

நுனிக்காலுக்கு வருகிறேன். நிற்கப் பழகும் குழந்தைகள் இடையிடையே நுனிக்காலில் எழும்புவது வழக்கமானதே. வாக்கர் இருக்கை சற்று உயரமாக இருந்தால் குதிகால் தரையில் படவே வழியில்லை. ஆனால் குறைமாதத்தில் பிறந்த குழந்தைகளிடம் கால் தசை இறுக்கம் சற்று அதிகமாகக் காணப்படும் என்பதால் இதை நான் அப்படியே கடந்து போகமாட்டேன். வாக்கரை நிறுத்திவிட்டு இரண்டு வாரம் கவனியுங்கள். வெறுங்காலோடு கட்டிலைப் பிடித்து நிற்கும்போது இரண்டு குதிகாலும் தரையில் அமர்கின்றனவா? டயப்பர் மாற்றும்போது, அவன் அமைதியாக இருக்கும் நேரத்தில், முழங்காலை நீட்டி வைத்துப் பாதத்தை மெதுவாக மேல்நோக்கி மடக்கினால் செங்கோணத்தைத் தாண்டி எளிதாக வருகிறதா? தூக்கும்போது கால்கள் கத்தரிக்கோல் போல ஒன்றன்மேல் ஒன்று குறுக்கிடாமல் இருக்கின்றனவா? மூன்றுக்கும் பதில் ஆம் என்றால் அந்த நுனிக்காலை மறந்துவிடலாம். ஒன்றுக்கு இல்லை என்றாலும், இரண்டு வாரம்கூடக் காத்திராமல் குழந்தை நல மருத்துவரிடம் காட்டுங்கள்.

வீட்டில் செய்யவேண்டியவை குறைவு. பொருள் எதையும் வாங்கத் தேவையில்லை. அவன் விழித்திருக்கும் நேரத்தில் பெரும்பகுதி தரையில், வெறுங்காலோடு இருக்கட்டும். சமநிலைக்கான செய்தி வரும் மூன்று வழிகளில் பாதத்தின் உணர்வும் ஒன்று என்று மேலே சொன்னேன். எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டிய நாளில் உள்ளங்காலைச் சோப்பால் நன்றாகக் கழுவித் துடைத்துவிடுங்கள்; வழுக்கி விழுந்த குழந்தைக்குத் தரைமேல் உள்ள நம்பிக்கை போய்விடும். கனத்த துணி நாப்கின் கால்களை அகட்டி வைத்து நடையைக் குலைக்கிறது என்பதை நியூயார்க்கில் ஆய்வு செய்தே காட்டியிருக்கிறார்கள். வீட்டில் இருக்கும்போது ஒரு ஜட்டியோடு விடலாம். கட்டிலுக்கும் நாற்காலிக்கும் இடையில் முதலில் ஒரு சாண் இடைவெளி விடுங்கள். ஒரு கை இங்கே, ஒரு கை அங்கே என்று அவன் கடந்துவிடுவான். நாலைந்து நாளில் அந்த இடைவெளியை மெல்ல அகட்டுங்கள். கை எட்டாத தூரம் வந்ததும் சிறிது நேரம் யோசிப்பான். அங்கே அவனை அவசரப்படுத்தாதீர்கள். அவன் விரும்பும் டம்ளரையோ கரண்டியையோ சில நேரம் கட்டில்மேலும் சில நேரம் தரையிலும் வையுங்கள். குனிந்து எடுத்து நிமிர்வதைவிடச் சிறந்த கால் பயிற்சி எனக்குத் தெரியாது. இரண்டு கைகளையும் மேலே தூக்கிப் பிடித்து நடக்க வைக்கும் பழக்கத்தை மட்டும் குறைத்துக்கொள்ளுங்கள். அப்போது அவன் உங்கள் கையில் தொங்குகிறானே தவிர, சமநிலையைத் தேடுவதில்லை. பிடிக்கவேண்டுமென்றால் பின்னால் முட்டி போட்டு உட்கார்ந்து, இடுப்பின் இரு பக்கமும் தளர்வாகப் பிடியுங்கள்.

மணல் குழியில் இறுக்கமாகப் புதைத்து நிறுத்தினால், மணல்தான் வேலை செய்யும், கால் செய்யாது. வாக்கரின் கதைதான் அங்கேயும். பாட்டியின் மனமும் நோகவேண்டாம்: குழி பறிக்காமல், சுத்தமான மணலில் அவனை வெறுங்காலோடு விளையாட விடுங்கள். கால் புதையும் தரையில் நிற்பது நல்ல பயிற்சிதான்.

விழுவதைக் கண்டு அஞ்சவேண்டாம். நியூயார்க் பல்கலைக்கழகத்தின் கேரன் அடால்ஃப் குழுவினர், 12 முதல் 19 மாதக் குழந்தைகள் விருப்பம்போல் விளையாடும்போது எண்ணிப் பார்த்து 2012இல் வெளியிட்ட கணக்குப்படி, நடக்கும் குழந்தை ஒரு மணி நேரத்தில் சராசரியாக 2,368 அடி எடுத்து வைத்து 17 முறை விழுகிறது. இதே ஆய்வாளர் கண்ட இன்னொன்று உங்களுக்கு உடனே பயன்படும்: தவழும்போது செங்குத்தான சரிவைக் கண்டு எச்சரிக்கையாக நிற்கக் கற்ற குழந்தை, நடக்கத் தொடங்கியதும் அதே சரிவில் யோசிக்காமல் கால் வைத்து விழுகிறது. ஒவ்வொரு நிலைக்கும் அந்தப் பாடத்தைப் புதிதாகக் கற்கவேண்டும். ஆகவே “படிக்கட்டுப் பக்கமே போகமாட்டான், அவனுக்குத் தெரியும்” என்ற தைரியம், அவன் நடக்கும் வாரத்திலிருந்து செல்லாது.

எப்போது மருத்துவரிடம் போகவேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். 18 மாதம் முடிந்தும் தனியாக நடக்காத குழந்தையை மருத்துவர் சோதித்தே ஆகவேண்டும். உங்கள் மகனின் ஐந்து வாரத்தை அந்த எல்லையில் சலுகையாகக் கேட்காதீர்கள். அதற்கு முன்பே, கற்ற ஒன்றை மறந்துபோவது, ஒரு வயதுக்குள்ளேயே ஒரு கையை மட்டும் பயன்படுத்துவது, உடல் துவண்டோ விறைத்தோ இருப்பது, ஒரு கால் குட்டையாகத் தெரிவது அல்லது தொடைகள் சமமாக விரியாமல் இருப்பது, மணிக்கட்டு தடித்துக் கால் எலும்பு வளைவது ஆகியவற்றில் எதைக் கண்டாலும் அந்த வாரமே காட்டவேண்டும். இடுப்பு மூட்டு நழுவல், வைட்டமின் டி குறைவால் வரும் ரிக்கெட்ஸ், இரத்தசோகை, தைராய்டு குறைவு ஆகியவை கண்டுபிடித்தால் சரிசெய்யக்கூடியவை. தாய்ப்பால் குடிக்கும் குழந்தைக்கு முதல் ஆண்டில் தினமும் 400 அலகு வைட்டமின் டி சொட்டு மருந்து தருவது வழக்கம். உங்கள் மகனுக்குத் தரப்பட்டதா என்று பழைய மருந்துச் சீட்டில் பாருங்கள். ஆண் குழந்தை 18 மாதத்திலும் நடக்காவிட்டால், தசைச் சிதைவு நோய் இல்லை என்று உறுதி செய்ய ‘சி.கே.’ என்ற எளிய இரத்தப் பரிசோதனையை மருத்துவர் எழுதக்கூடும். அதைக் கண்டு பதற வேண்டாம், தவிர்க்கவும் வேண்டாம்.

16 மாதம் முடிந்ததும் போடும் ஊக்கத் தடுப்பூசிக்கு எப்படியும் போவீர்கள். அன்று அவன் நடந்திருந்தாலும் இல்லாவிட்டாலும் இடுப்பையும் கால்களையும் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். தேவைப்பட்டால், அரசு மருத்துவமனையில் டி.இ.ஐ.சி. என்று சொல்லப்படும் தொடக்கநிலை இடையீட்டு மையத்தில் கட்டணமில்லாமல் மதிப்பீடும் பயிற்சியும் கிடைக்கும். மருத்துவமனையில் புது முகங்களைக் கண்டதும் குழந்தைகள் தாய் மடியை விட்டு இறங்குவதே இல்லை. எனவே இப்போதே செல்பேசியில் மூன்று துண்டுக் காட்சிகளைப் பதிவு செய்து வையுங்கள்: தரையில் தேய்த்து நகர்வது, கட்டிலைப் பிடித்து எழுந்து மறுபடி உட்கார்வது, பக்கவாட்டில் நடக்கும்போது முழங்காலுக்குக் கீழே மட்டும். ஒவ்வொன்றும் அரை நிமிடம் போதும். டயப்பரோ பேண்டோ பாதத்தை மறைக்காமல், கேமரா அவன் உயரத்தில் இருக்கட்டும்.